காட்டிக்கொடுக்காத மாணவர்கள்: அப்பாஸ் கியரோஸ்தமியின் சினிமா

ஒரு வகுப்பறை. ஆசிரியர் கரும்பலகையில் படம் வரைந்துகொண்டிருக்கிறார். அவர் முதுகைத் திருப்பும்போதெல்லாம் பின்வாங்கில் யாரோ தாளம் போடுகிறார்கள். திரும்பினால் சத்தம் நின்றுவிடுகிறது. பொறுத்துப் பார்த்த ஆசிரியர் கடைசியில் பின்வாங்கு மாணவர்கள் எல்லோரையும் வெளியே அனுப்புகிறார். செய்தது யார் என்று சொன்னால் உள்ளே வரலாம். சொல்லாவிட்டால் ஒரு வாரத்துக்கு வகுப்பு இல்லை.

முதல் வழக்கு: ஒரு மாணவன் எழுந்து வந்து பெயரைச் சொல்லிவிட்டுத் தன் இடத்தில் போய் அமர்கிறான். இரண்டாம் வழக்கு: ஒருவரும் வாய் திறக்கவில்லை. வாரம் முடிந்ததும் எல்லோரும் ஒன்றாக உள்ளே வருகிறார்கள். எது சரி?

அப்பாஸ் கியரோஸ்தமி 1979இல் எடுத்த 'முதல் வழக்கு, இரண்டாம் வழக்கு' என்ற படத்தின் கதை இவ்வளவுதான். மீதி நேரம் முழுக்க இந்தக் கேள்விக்குப் பெரியவர்கள் பதில் சொல்கிறார்கள். மாணவர்களின் தகப்பன்மார், கல்வியாளர்கள், மதத் தலைவர்கள், கட்சிக்காரர்கள், புதிதாகப் பதவிக்கு வந்தவர்கள் என ஒவ்வொருவராகக் கமரா முன் அமர்கிறார்கள். ஷா மன்னர் நாட்டைவிட்டுப் போய்ச் சில மாதங்கள்தான் ஆகியிருந்தன. காட்டிக்கொடுக்காத மாணவர்களின் பக்கம் நின்று பேசுவது அந்த நேரத்தில் பலருக்கும் இலகுவாக இருந்தது.

பேசியவர்களுக்குப் பின்னர் நடந்ததைத் தெரிந்துகொண்டு பார்த்தால் இந்தப் படம் வேறொன்றாகிவிடும். அப்போது அரச வானொலி, தொலைக்காட்சிக்குப் பொறுப்பாக இருந்த சாதெக் கோத்ப்சாதே சில காலம் வெளியுறவு அமைச்சராகவும் இருந்தார். 1982இல் சதிக் குற்றச்சாட்டில் அதே புரட்சி அரசால் சுட்டுக் கொல்லப்பட்டார். தூதே கட்சியின் செயலாளர் நூருத்தீன் கியானூரி 1983இல் கைதாகி, அதே வருடம் தொலைக்காட்சியில் 'ஒப்புதல் வாக்குமூலம்' கொடுக்க வைக்கப்பட்டார். நூற்றுக்கணக்கானோருக்கு மரண தண்டனை விதித்த புரட்சி நீதிமன்ற நீதிபதி சாதெக் கல்காலியும் இதே படத்தில் அமர்ந்து மாணவர்களின் ஒழுக்கம் பற்றிப் பேசுகிறார். படத்துக்கு முதலில் பரிசு கிடைத்தது. பிறகு தடை வந்தது. ஏறக்குறைய முப்பது வருடங்கள் அது வெளியே தலைகாட்டவில்லை.

வேலை விஷயமாகப் போயிருந்த ஒரு நகரத்தில், ஹோட்டல் அறையில் மடிக்கணினியில் இதைப் பார்த்தேன். கியரோஸ்தமியின் பெயர்பெற்ற படங்களை மேற்படிப்புக் காலத்திலேயே பல்கலைக்கழக நூலகத்தில் இரவல் எடுத்துப் பார்த்திருந்தேன். அழகான மலைகள், பிள்ளைகள், வளைந்து போகும் பாதைகள். நல்ல படங்கள்தான், ஆனால் அடக்குமுறை நடந்த நாட்டில் இருந்துகொண்டு இந்த மனிதர் இப்படி அமைதியாகப் படம் எடுத்தாரே என்ற எரிச்சலும் உள்ளூர இருந்தது. இந்த வகுப்பறையைப் பார்த்த பிறகு மற்றப் படங்களை முதலிலிருந்து திரும்பப் பார்க்கத் தோன்றியது. 'தலையாட்டி' என்ற சொல்லுக்கு அர்த்தம் தெரிந்து வளர்ந்த எங்களில் எவருக்கும் அந்த மாணவனின் கேள்வி புதியதல்ல.

கியரோஸ்தமி 1940 ஜூன் 22இல் தெஹ்ரானில் பிறந்தவர். தெஹ்ரான் பல்கலைக்கழகத்தில் ஓவியம் படித்தார். படிப்புச் செலவுக்காகப் போக்குவரத்துப் பொலிஸில் வேலை பார்த்தார். அறுபதுகளில் தொலைக்காட்சிக்கு நூற்றுக்கும் மேற்பட்ட விளம்பரப் படங்கள் செய்தார். மற்றவர்களின் திரைப்படங்களுக்குப் பெயர் எழுத்துகள் வடிவமைத்தார். ஒரு நிமிடத்துக்குள் ஒரு விஷயத்தைச் சொல்லும் சிக்கனம் அங்கே வந்திருக்க வேண்டும்.

அவருடைய பாதையைத் தீர்மானித்தது 'கானூன்' என்று சுருக்கமாக அழைக்கப்பட்ட நிறுவனம். சிறுவர்களின் அறிவு வளர்ச்சிக்காக 1965இல் அரசி ஃபராவின் ஆதரவில் தொடங்கப்பட்டது. நாடெங்கும் சிறுவர் நூலகங்களை நடத்தியது, புத்தகங்கள் போட்டது. அங்கே திரைப்படப் பிரிவைத் தொடங்கும் வேலை கியரோஸ்தமியிடம் வந்தது. வசூல் பற்றிய கவலை இல்லை, நட்சத்திரங்கள் இல்லை. பார்க்கப் போகிறவர்கள் பிள்ளைகள். பெரும்பாலும் நடிக்கப் போகிறவர்களும் அவர்களே.

முதல் படம் 1970இல் வந்த 'ரொட்டியும் ஒழுங்கையும்'. பத்துப் பன்னிரண்டு நிமிடம். ரொட்டி வாங்கிக்கொண்டு வீட்டுக்கு வரும் சிறுவனை ஒழுங்கையில் ஒரு நாய் மறிக்கிறது. அவன் தயங்கி நிற்கிறான். யாராவது பெரியவர் வந்தால் பின்னால் ஒட்டிக்கொண்டு போகலாம் என்று பார்க்கிறான். கடைசியில் ஒரு துண்டு ரொட்டியைப் போடுகிறான், நாய் நண்பனாகிவிடுகிறது. சிறுவனும் நாயும் சந்திக்கும் இடத்தைத் துண்டுதுண்டாக எடுத்து ஒட்டலாம் என்று அனுபவமுள்ள ஒளிப்பதிவாளர் சொல்ல, இருவரும் ஒரே சட்டகத்துக்குள் வெட்டில்லாமல் வரவேண்டும் என்று புதியவரான கியரோஸ்தமி அடம்பிடித்திருக்கிறார். துண்டாக்கினால் பயம் பொய்யாகிவிடும் என்பது அவர் எண்ணம். பிறகு வந்த நாற்பத்தைந்து வருடங்களிலும் அந்தப் பிடிவாதம் மாறவில்லை.

1974இல் வந்த 'பயணி' முதல் முழுநீளப் பெரும் வெற்றி. மலாயர் என்ற ஊர்ச் சிறுவன் காசிம், தெஹ்ரானில் நடக்கும் உதைபந்தாட்டத்தைப் பார்க்க எதையும் செய்வான். ஃபிலிம் இல்லாத கமராவைக் காட்டிச் சக மாணவர்களைப் படம் பிடிப்பதாகச் சொல்லிக் காசு சேர்க்கிறான். இரவு பஸ் ஏறித் தலைநகர் போகிறான். மைதானத்தில் கொஞ்சம் கண்ணயர்கிறான். விழித்துப் பார்த்தால் ஆட்டம் முடிந்து, வெறும் வாங்குகளும் குப்பையும்தான் மிச்சம். ஃபிலிம் இல்லாத அந்தக் கமராவை மறக்காமல் வைத்துக்கொள்ளுங்கள். படம் எடுப்பவர்கள் மற்றவர்களை ஏமாற்றுகிறார்களா என்ற கேள்வி இவரைக் கடைசிவரை விடவில்லை.

புரட்சியின்போது சினிமா கொட்டகைகள் மேற்கத்தியச் சீரழிவின் அடையாளமாகி எரிந்தன. 1978 ஓகஸ்டில் ஆபதான் நகரின் ரெக்ஸ் கொட்டகையில் மூட்டப்பட்ட தீயில், மசூத் கிமியாயின் படம் பார்த்துக்கொண்டிருந்த நானூறு பேரளவில் மாண்டார்கள். புரட்சிக்குப் பிறகு சினிமா இருக்குமா என்பதே சந்தேகமாக இருந்தது. பலர் போனார்கள். சொஹ்ராப் ஷஹீத் சாலெஸ் முன்னரே ஜெர்மனிக்குப் போயிருந்தார். அமீர் நாதெரி பின்னால் அமெரிக்கா போனார். கியரோஸ்தமி போகவில்லை. வேரோடு பிடுங்கி வேறு மண்ணில் நட்ட மரம் பழைய மாதிரி காய்க்காது என்ற கருத்தில் அவர் பின்னாளில் ஒரு நேர்காணலில் விளக்கம் சொன்னார். நட்டுவைக்கப்பட்ட எங்களுக்கு இதைக் கேட்கக் கொஞ்சம் சுருக்கென்றுதான் இருக்கும்.

தங்கியதற்கு விலை இருந்தது. திரையில் பெண்கள் எப்போதும் தலையை மூடவேண்டும். ஆணும் பெண்ணும் தொடக்கூடாது. தன் வீட்டில், தன் கணவனோடு இருக்கும் பெண்ணும் கமரா முன் முக்காடு போட்டுத்தான் இருக்கவேண்டும். எந்த வீட்டில் அப்படி இருப்பார்கள்? வீட்டுக்குள் கமராவை வைத்தாலே பொய் சொல்லவேண்டிய நிலை. கியரோஸ்தமியின் படங்கள் வாசலிலும் வயலிலும் பாதையிலும் காருக்குள்ளும் நடப்பதற்கு இது ஒரு முக்கியக் காரணம். அவருடைய பாணி என்று நாங்கள் கொண்டாடுவதில் ஒரு பங்கு, பொய் சொல்லாமல் தப்பிக்கக் கண்டுபிடித்த வழி.

இப்போது 1987க்கு வருவோம். 'நண்பனின் வீடு எங்கே?' என்ற அந்தப் படத்தை அவர் கவிஞர் சொஹ்ராப் செபெஹ்ரிக்குச் சமர்ப்பித்தார். தலைப்பும் செபெஹ்ரியின் கவிதையிலிருந்து வந்தது. வடக்கு ஈரானின் கோகெர் கிராமத்தில் மீண்டும் ஒரு வகுப்பறை, மீண்டும் ஒரு ஆசிரியர். கொப்பியில் எழுதாமல் தனித்தாளில் வீட்டுப்பாடம் செய்துவந்த நெமத்சாதே என்ற சிறுவனின் தாளை ஆசிரியர் கிழித்துப்போடுகிறார். இன்னொரு தடவை இப்படி வந்தால் பாடசாலையை விட்டு நிறுத்திவிடுவேன் என்கிறார். பையன் அழுகிறான். பக்கத்தில் இருக்கும் அஹமத் பார்த்துக்கொண்டிருக்கிறான். வீட்டுக்குப் போய்ப் பையைத் திறந்தால் நெமத்சாதேயின் கொப்பி தவறுதலாகத் தன்னிடம்.

நண்பன் இருப்பது பக்கத்து ஊரான பொஷ்தேயில். தாய் போகவிடவில்லை. வீட்டுப்பாடத்தைச் செய் என்கிறாள், தொட்டிலை ஆட்டு என்கிறாள். பிள்ளை சொல்வது அவள் காதில் ஏறவில்லை. தாத்தாவோ சும்மா கிடக்கும் சிகரட்டை வாங்கிவா என்று அனுப்புகிறார், கீழ்ப்படிவு பழகட்டும் என்று. தன் தகப்பன் தனக்குக் காசு தர மறந்தாலும் அடி தர மறந்ததில்லை என்று அவர் பெருமையாகச் சொல்வதைக் கேட்டால் எங்கள் ஊர்த் திண்ணையே ஞாபகம் வரும். அஹமத் குன்றின் மேல் வளைந்து வளைந்து போகும் பாதையில் ஓடுகிறான். அந்தப் பாதை இந்தப் படத்துக்காகவே உண்டாக்கப்பட்டது. நெமத்சாதே என்ற பெயரில் அங்கே பலர் இருக்கிறார்கள். இருட்டிவிடுகிறது. வீடு கிடைக்கவில்லை.

மறுநாள் காலை ஆசிரியர் கொப்பிகளைப் பார்த்துக்கொண்டு வருகிறார். நெமத்சாதே வெறுங்கையோடு நடுங்கிக்கொண்டிருக்கிறான். அஹமத் பிந்தி வந்து கொப்பியை அவனிடம் நகர்த்துகிறான். இரவு இரண்டு பேருடைய வீட்டுப்பாடத்தையும் அவனே செய்திருக்கிறான். ஆசிரியர் பார்த்து நல்லது என்கிறார். பக்கங்களுக்கிடையில் ஒரு சின்னப் பூ.

நான் பலமுறை பார்த்த பிறகுதான் இதைக் கவனித்தேன்: இது 1979இன் அதே வகுப்பறை. அங்கே அமைச்சர்களும் நீதிபதிகளும் பேசிப் பேசித் தீர்க்காத கேள்விக்கு, எட்டு வருடம் கழித்து ஒரு எட்டு வயதுப் பிள்ளை பேசாமல் பதில் சொல்கிறான். அவன் ஆசிரியரை ஏமாற்றுகிறான், நண்பனைக் காப்பாற்றுகிறான். தணிக்கை அதிகாரிகளுக்கு இது ஒழுக்கமான பிள்ளையின் கதை. சட்டத்துக்கும் நண்பனுக்கும் நடுவே நின்றவர்களுக்கு வேறு கதை.

இதற்கடுத்த வருடம், 1988 கோடையில், ஈரானியச் சிறைகளில் ஆயிரக்கணக்கான அரசியல் கைதிகள் கொல்லப்பட்டார்கள். புலம்பெயர்ந்த ஈரானியர் பலர் கியரோஸ்தமி மீது கோபப்பட்டது ஏன் என்று புரிந்துகொள்ள இந்தத் தேதியை நினைவில் வைத்திருக்கவேண்டும். நாடு இரத்தத்தில் கிடக்கும்போது இவர் கொப்பியையும் குன்றையும் காட்டுகிறார், வெளிநாட்டு விழாக்களுக்கு ஒரு சாதுவான ஈரானை விற்கிறார் என்றார்கள். இதை ஒரேயடியாகத் தள்ளிவிட முடியாது. வெளியே வந்தவர்களின் கோபத்துக்கும் நியாயம் இருக்கிறது. உள்ளே இருந்தவரால் சொல்ல முடிந்தது எவ்வளவு என்பதையும் சேர்த்துத்தான் அளக்கவேண்டும்.

1990 ஜூன் 21 அதிகாலை மன்ஜில், ருத்பார் பகுதியை நிலநடுக்கம் தாக்கியது. முப்பத்தைந்தாயிரம் பேருக்குமேல் இறந்தார்கள். கோகெரும் அந்தப் பகுதியில்தான். கியரோஸ்தமி தன் மகனோடு காரில் புறப்பட்டு, படத்தில் நடித்த சிறுவர்களைத் தேடிப் போனார். அந்தப் பயணத்தை ஒரு நடிகரைத் தன் இடத்தில் வைத்து 1992இல் 'வாழ்க்கை தொடர்கிறது' என்ற படமாக எடுத்தார். இடிபாடுகளுக்கு நடுவே ஒருவர் அன்ரெனா நட்டுக்கொண்டிருக்கிறார். உலகக்கிண்ணப் போட்டி நடக்கிறது. அது நாலு வருடத்துக்கு ஒருதடவைதானே வரும் என்கிறார். முந்திய படத்தில் கிழவராக நடித்தவர், தன்னை இன்னும் கிழவராகக் காட்ட முதுகில் கூன் வைத்துவிட்டார்கள் என்று குறைப்படுகிறார். தான் இருப்பதாகக் காட்டும் வீடும் படத்துக்காகத்தான் என்கிறார். இவ்வளவு பெரிய சாவுக்குப் பக்கத்தில் நின்றுகொண்டு, தான் சொன்ன பொய்யையும் இயக்குநர் ஒப்புக்கொள்கிறார்.

சிறுவர்கள் கிடைத்தார்களா என்று படம் சொல்லாது. கடைசியில் கமரா தூரத்தில் நிற்கிறது. கார் செங்குத்தான ஏற்றத்தில் ஏற முடியாமல் பின்வாங்கி, மறுபடி முயல்கிறது. 2009க்குப் பிறகு இந்தப் படத்தை மீண்டும் பார்க்க எனக்குச் சில வருடங்கள் எடுத்தன. அடுத்து வந்த 'ஒலிவ மரங்களினூடே' (1994) படத்தில் அந்தச் சிறுவர்கள் உயிரோடு நடந்து வருகிறார்கள். அதைக்கூட அவர் கூவிச் சொல்லவில்லை. கவனித்தவர்கள் கண்டுகொள்ளட்டும் என்று விட்டுவிடுகிறார்.

அதே 1990இல் வந்தது 'குளோஸ்-அப்'. ஹொசைன் சப்சியான் என்ற வேலையற்ற ஏழை, பஸ்ஸில் பக்கத்தில் அமர்ந்த பெண்ணிடம் தன்னைப் பிரபல இயக்குநர் மொஹ்சென் மக்மல்பாஃப் என்று சொல்லிவிடுகிறார். அந்தக் குடும்பத்துக்குள் நுழைந்து, உங்களை வைத்துப் படம் எடுக்கப்போகிறேன் என்கிறார். பிடிபட்டுச் சிறைக்குப் போகிறார். பத்திரிகையில் இதை வாசித்த கியரோஸ்தமி கையிலிருந்த வேலையை நிறுத்திவிட்டு, வழக்கைப் படம்பிடிக்க அனுமதி வாங்கினார். சப்சியானும் அந்தக் குடும்பமும் தாங்களாகவே நடித்தார்கள். நீதிமன்றத்தில் ஒரு கமரா அவர் முகத்துக்கென்றே வைக்கப்பட்டது; சட்டத்துக்குள் அடங்காத விளக்கம் ஏதும் இருந்தால் அதைப் பார்த்துச் சொல்லலாம். 'பயணி' படத்தில் ஆட்டத்தைத் தவறவிட்ட சிறுவன் தான்தான் என்கிறார் சப்சியான். ஃபிலிம் இல்லாத கமராவோடு அலைந்த காசிம் வளர்ந்து நீதிமன்றத்துக்கு வந்துவிட்டான். நீதிபதி மன்னிக்கச் சொல்ல, குடும்பமும் மன்னிக்கிறது. உண்மையான மக்மல்பாஃப் சிறைவாசலில் வந்து அவரை மோட்டார் சைக்கிளில் ஏற்றிக்கொண்டு போகும்போது ஒலி விட்டுவிட்டுக் கேட்கிறது. ஒலிவாங்கி பழுது என்று படக்குழுவினர் பேசிக்கொள்கிறார்கள். அந்தப் பழுது கியரோஸ்தமி வேண்டுமென்றே செய்தது. அந்த மனிதரின் அழுகை முழுவதும் எங்களுக்குச் சொந்தமாக வேண்டியதில்லை என்று நினைத்திருக்கிறார்.

1997இல் 'செர்ரியின் சுவை' கான் விழாவில் தங்கப்பனை பெற்றது; ஷோஹெய் இமாமுராவின் ஜப்பானியப் படத்தோடு பகிர்ந்துகொண்ட பரிசு. ஈரானுக்கு அதுவே முதல் தங்கப்பனை. தற்கொலை செய்துகொள்ள நினைக்கும் பதீ, தன் குழியில் மண் போட ஆள் தேடித் தெஹ்ரானின் புறநகர்க் குன்றுகளில் கார் ஓட்டுகிறார். ஒரு குர்து இனச் சிப்பாய் பயந்து ஓடுகிறான், ஒரு ஆப்கான் மத மாணவன் மறுக்கிறான், மகனின் நோய்க்குப் பணம் தேவைப்படும் முதியவர் சம்மதிக்கிறார். மூவருமே அந்நாட்டின் ஓரத்தில் இருப்பவர்கள் என்பதைப் படம் சுட்டிக்காட்டாமல் காட்டுகிறது. பதீயாக நடித்த ஹொமாயூன் எர்ஷாதி ஒரு கட்டடக் கலைஞர். படப்பிடிப்பில் பெரும்பாலும் பக்கத்து இருக்கையில் இருந்து பேசியவர் கியரோஸ்தமியேதான். இறந்தாரா இல்லையா என்று தெரியாமல் திரை இருளும். பிறகு படக்குழுவே வீடியோவில் தெரியும், இது படம்தான் என்று சொல்வதுபோல. பரிசளித்த கதரின் தெனெவ் மேடையில் கன்னத்தில் முத்தமிட்டதற்காகத் தெஹ்ரானில் அவருக்கு எதிராகக் கூச்சல் எழுந்தது.

2002இல் 'பத்து' என்ற படம். காருக்குள் பொருத்திய இரண்டு சின்ன டிஜிட்டல் கமராக்கள், பத்து உரையாடல்கள். மணமுறிவு பெற்ற ஒரு பெண்ணும் அவளோடு சண்டைபிடிக்கும் மகனும். ஈரானியப் பெண்ணின் வாழ்வை அவர் நேராகத் தொட்ட படம் இது. ஆனால் அதில் நடித்த மானியா அக்பரி, தன் வாழ்வையும் தான் பதிவுசெய்த காட்சிகளையும் கியரோஸ்தமி தன் படைப்பாக்கிக்கொண்டார் என்று பின்னாளில் குற்றஞ்சாட்டினார். அதைவிடப் பாரதூரமான குற்றச்சாட்டுகளும் அவரிடமிருந்து வந்தன. கமரா வைத்திருப்பவன் ஏமாற்றுகிறானா என்று வாழ்நாளெல்லாம் கேட்டவர் அவர்; அவரை மதிப்பவர்கள் இந்தக் குரலைக் கேட்காமல் விடமுடியாது.

அதே வருடம் நியூயோர்க் திரைப்பட விழாவுக்கு அழைக்கப்பட்டவருக்கு அமெரிக்கா விசா கொடுக்கவில்லை. பின்லாந்து இயக்குநர் அகி கௌரிஸ்மாகி அதற்கு எதிர்ப்புத் தெரிவித்துத் தானும் போகவில்லை. ஈரானிலும் அவர் படங்களுக்கு இடம் சுருங்கியது. 2010இல் இத்தாலியில் ஜூலியட் பினோஷை வைத்து 'சான்றளிக்கப்பட்ட பிரதி' எடுத்தார். 2012இல் தோக்கியோவில் ஒரு படம். வேறு மண்ணில் மரம் காய்க்காது என்றவர் கடைசியில் வேறு மண்ணில் நட்டுப் பார்த்தார். இவை நல்ல படங்கள். ஆனால் கோகெரின் மண்வாசம் இல்லை. 2010 கான் விழாவில், சிறையிலிருந்த தன் பழைய உதவியாளர் ஜாஃபர் பனாஹிக்காக அவர் வெளிப்படையாகவே பேசினார். பனாஹியின் முதல் படமான 'வெள்ளை பலூன்' கதையை எழுதியவர் கியரோஸ்தமி. 2025இல் பனாஹி தங்கப்பனை வாங்கினார்.

கியரோஸ்தமி 2016 ஜூலை 4இல் பாரிஸில் இறந்தார். உடலைத் திரும்பக் கொண்டுபோய்த் தெஹ்ரானுக்கு அருகே லவாசானில் அடக்கம் செய்தார்கள்.

இங்கே பிறந்த என் மகளோடு போன குளிர்காலத்தில் 'நண்பனின் வீடு எங்கே?' பார்த்தேன். அவளுக்கு ஒன்பது வயது. ஏன் அவன் ஃபோன் பண்ணவில்லை என்று முதலில் கேட்டாள். பிறகு ஏன் ஒருவரும் அவன் சொல்வதைக் கேட்கிறார்கள் இல்லை என்று கோபப்பட்டாள். முடிவில் கொப்பி திறந்தபோது, "அப்பா, அது பொய்தானே? அவன் ஹோம்வேர்க் செய்யவில்லையே?" என்றாள்.

ஓம், பொய்தான் என்றேன். கொஞ்ச நேரம் யோசித்துவிட்டு, தானென்றாலும் அப்படித்தான் செய்திருப்பேன், ரீச்சரிடம் சொல்லமாட்டேன் என்றாள். நான் ஒன்றும் சொல்லவில்லை.